கூட்டாத பின்வளவும் ஆறுமணிக்குருவியும்

காலை ஐந்து மணி ஐம்பத்திரண்டு. பின்வளவு மாமரத்தின் கீழே காய்ந்த இலை ஒன்று புரண்டது. காற்று இல்லை. கொப்பில் அணிலும் இல்லை. அதற்குப் பக்கத்தில் கிடந்த இலை ஒரு முழம் தள்ளிப் போய் விழுந்தது. பிறகு இன்னொன்று.

நான் குசினி வாசற்படியில் தேத்தண்ணியோடு இருந்தேன். ஐப்பசி, புதன்கிழமை. வெளிச்சம் இன்னும் சாம்பல் நிறத்தில்தான் இருந்தது. முதலில் ஒரு வெள்ளைத் தொண்டை தெரிந்தது. அதற்கு மேலே, கண்ணைக் கட்டிவிட்டது போல அகலமான கறுப்புப் பட்டை. சில நிமிடங்களில் முதுகு பச்சையானது. பிறகு தோளில் ஒரு நீலத் துண்டு, புது நைலோன் கயிற்றின் நீலம். திரும்பியபோது வயிற்றின் அடியில், வால் தொடங்கும் இடத்தில், நல்ல சிவப்பு. வால் என்று சொல்ல அங்கே அதிகம் இல்லை. யாரோ கத்தரித்து விட்டது போல இருந்தது. மைனாவின் பருமன், ஆனால் உருண்டை. நடக்கவில்லை, தத்தியது. தத்தி நின்று, அலகால் ஓர் இலையைத் தூக்கி எறிந்து, அதன் கீழே இருந்ததைத் தின்றது. ஆறு மூன்றுக்கு வாழைகளுக்குள் போய்விட்டது.

பதினொரு வருடம் கொழும்பில் பத்திரிகை வேலை பார்த்ததில் எதைக் கண்டாலும் நேரத்தைக் குறிக்கும் பழக்கம் வந்துவிட்டது. தேத்தண்ணிப் பைக்கற்றின் பின்பக்கத்தில் 5.52, 6.03 என்று எழுதி வைத்தேன். கைப்பேசியில் எடுத்த படத்தில் மாமரத்தின் வேர் தெளிவாக இருந்தது. குருவி ஒரு பச்சை அழுக்கு. அதை அப்படியே ஓட்டோக்காரருக்கு அனுப்பினேன்.

அவர் உப்புக்குளத்துக்காரர், முப்பத்துநாலு வயது. மன்னார் பட்டினத்துக்கு வேலையாகப் போகும்போதெல்லாம் அவருடைய ஓட்டோவில்தான் போவேன். தமிழ்நாட்டு அகதி முகாமில் பிறந்து, இருபது வயதுக்கு மேல் குடும்பத்தோடு திரும்பி வந்தவர். ஓட்டோவின் முன்பக்கத்தில் மற்றவர்கள் சாமிப்படம் வைக்கும் இடத்தில் அவர் தூரக்கண்ணாடி ஒன்றைத் தொங்கவிட்டிருந்தார். தீவுக்கு வெளியே போகும் நாளில், பாலத்தைக் கடக்கும்போது நடுவழியில் நிறுத்தி, "அக்கா, ஒரு நிமிசம்" என்று கடல்நாரை பார்ப்பார். அந்த ஒரு நிமிடம் ஒருநாளும் ஒரு நிமிடமாக இருந்ததில்லை.

அந்தக் கிழமை அவருடைய தெருவில் போகிற வருகிற எல்லோரிடமும் இந்தக் குருவியைப் பற்றித்தான் கேட்டுக்கொண்டிருந்தார். காரணம் இருந்தது. தலைமன்னார் வீதியில் உள்ள ஒரு சிறிய விடுதிக்கு வெள்ளிக்கிழமை கொழும்பிலிருந்து ஒரு கணவனும் மனைவியும் வருகிறார்கள். இரண்டு வருடம் இந்தக் குருவியைத் தேடி மன்னாருக்கு வந்து, காணாமல் திரும்பிப் போனவர்கள். சனிக்கிழமை காலை சாப்பாட்டோடு புறப்பட்டுவிடுவார்கள். விடுதி முகாமையாளர் ஓட்டோக்காரரிடம் சொன்னது இவ்வளவுதான்: சனிக்கிழமை விடிய இவர்களுக்கு அந்தக் குருவியைக் காட்டினால் இந்தப் பருவம் முழுவதும் விடுதியின் வழிகாட்டி நீதான், காட்டாவிட்டால் அனுராதபுரத்திலிருந்து ஆளைக் கூப்பிடுவேன்.

படம் அனுப்பி முப்பத்தைந்து நிமிடத்தில் ஓட்டோ எங்கள் ஒழுங்கையில் நின்றது. பட்டினத்திலிருந்து எங்கள் ஊரான பேசாலைக்கு அது நல்ல வேகம். அவர் மரத்தைப் பார்க்கவில்லை, வாழைகளைப் பார்க்கவில்லை. நிலத்தைப் பார்த்தார்.

"எத்தனை நாள் கூட்டேல்லை அக்கா?"

"ரெண்டு நாள்."

"அதுதான்," என்றார். குனிந்து ஓர் இலையைப் புரட்டினார். கீழே ஈரம், இரண்டு கறையான், சுருண்ட ஒரு புழு. "ஆறுமணிக்குருவி அக்கா. காலமை ஆறுக்கும் பின்னேரம் ஆறுக்கும் கூப்பிடும். முகாமுக்குப் பக்கத்துத் தோப்புல கண்டிருக்கிறன். வடக்க, இந்தியாக் காட்டுல குஞ்சு பொரிச்சுப்போட்டு, இந்த மாசம் கடல் தாண்டி வரும். இங்க இறங்கி, ரெண்டு மூணு நாள் நல்லாத் தின்னுபோட்டு, தெற்க காட்டுக்குப் போயிடும்." நிமிர்ந்து சிரித்தார். "நாங்க வந்த அதே றூட்டுத்தான். அதிட்ட மட்டும் கடதாசி கேக்க ஆள் இல்லை."

பிறகு சிரிப்பை நிறுத்திவிட்டு, சனிக்கிழமை வரைக்கும் இந்த வளவைக் கூட்ட வேண்டாம் என்று கேட்டார். நெற்றியில் வேர்த்திருந்தது. பதற்றம் வந்தால் அவருக்கு இந்தியத் தமிழ் வந்துவிடும். "தயவு செஞ்சு கூட்டாதீங்கக்கா."

என்னுடைய சோம்பலை ஒருவர் கெஞ்சிக் கேட்டது அதுதான் முதல் தடவை. ஆனால் அது என் கையில் இல்லை. இரண்டு நாள் வளவு கூட்டாமல் கிடந்ததற்கு மாமி வீட்டில் இல்லாததுதான் காரணம். மாமி, அதாவது என் கணவரின் தாய், நானாட்டானில் உறவுக்காரர் வீட்டுக் குழந்தையின் ஞானஸ்நானத்துக்குப் போயிருந்தார். கணவருக்குக் கட்டாரில் வேலை. வீட்டில் மாமியும் நானும்தான். மாமி பகல் பஸ்ஸில் வருவார்.

மாமி விடிய ஐந்து மணிக்கு ஈர்க்குமாறை எடுப்பார். முன்முற்றம், பின்வளவு, கிணற்றடி, படலைக்கு வெளியே ஒழுங்கையில் மூன்று முழம். மணலில் ஈர்க்கு கீறிய கோடுகள் ஒரே அளவில், ஒரே வளைவில் இருக்கும். அதன்மேல் முதலில் நடப்பவருக்குக் கொஞ்சம் குற்ற உணர்வு வரும். ஐந்தரைக்குள் சருகெல்லாம் குவித்துக் கொளுத்தியாகிவிடும். பேசாலையில் கூட்டாத முற்றம் ஒரு செய்தி. அந்த வீட்டில் ஆளுக்குச் சுகமில்லை, அல்லது செத்த வீடு, அல்லது மாமியும் மருமகளும் கதைப்பதில்லை.

பகல் பன்னிரண்டு இருபதுக்கு மாமி படலையைத் திறந்தார். தோளில் கைப்பை, கையில் நானாட்டான் கத்தரிக்காய்ப் பை. நான் முன்முற்றத்தை மட்டும் அவசரமாகக் கூட்டி வைத்திருந்தேன். மாமி அதைத் தாண்டி நேரே பின்னால் போனார்.

"பிள்ளை, காய்ச்சலோ?"

"இல்லை மாமி."

"அப்ப வளவு ஏன் உப்பிடிக் கிடக்கு?"

"ஒரு குருவி வருது மாமி."

மாமி கத்தரிக்காய்ப் பையைக் கீழே வைத்துவிட்டு என் நெற்றியைத் தொட்டுப் பார்த்தார். "காய்ச்சல் இல்லைத்தான்," என்றார். கைப்பையைக் கழற்றாமலே ஈர்க்குமாறை எடுத்தார்.

"பொறுங்கோ மாமி. அது இலையைப் புரட்டித்தான் சாப்பிடுமாம். இலை இல்லாட்டி வராதாம்."

"ஆர் சொன்னது?"

"ஓட்டோத் தம்பி."

"அவன் தன்ர ஓட்டோவையே கூட்டுறேல்லை. நான் ஏறி இறங்கினால் சீலையில அரைவாசி மண். அவன் சொல்லி நான் வளவு கூட்டாமல் விடுறதோ? கண்டறியாத குருவியும் நீங்களும்."

விடுதிக் கதையைச் சொன்னேன். சனிக்கிழமை காட்டாவிட்டால் அந்த வேலை அவருக்கு இல்லை என்றேன். மாமி ஈர்க்குமாறைக் கீழே வைக்கவில்லை, ஆனால் கூட்டவும் தொடங்கவில்லை. மத்தியானச் சாப்பாடு முடிந்து, பாத்திரம் கழுவி முடிந்து, பின்னேரம் வரைக்கும் அந்தப் பேச்சு அந்தரத்தில் நின்றது. நடுவில் இரண்டு தடவை பின்கதவுக்குப் போய் வளவைப் பார்த்துவிட்டு, பெருமூச்சு விட்டுத் திரும்பி வந்தார்.

ஓட்டோக்காரர் ஐந்தே முக்காலுக்கு மறுபடி வந்தார். இந்த முறை செருப்பை ஒழுங்கையிலேயே கழற்றிவிட்டு வந்தார். மாமியிடம் எதுவும் கேட்கத் துணிவில்லாமல் கிணற்றுக் கட்டைப் பிடித்துக்கொண்டு நின்றார். ஆறு மணிக்கு இரண்டு நிமிடம் இருக்க, வேலியோரம் வேப்பமரத்தடியிலிருந்து கூப்பிட்டது. இரண்டு சுரம், விசில் போல, இரண்டாவது சுரம் கீழே இறங்கியது. கொஞ்சம் பொறுத்து மறுபடியும் அதே இரண்டு.

ஓட்டோக்காரர் கையை உயர்த்தினார். மாமி இடுப்பில் கை வைத்தார்.

"உதோ? உது பக்கத்து வீட்டுக் கப்பியெல்லோ!"

"கப்பியோ?" என்றேன்.

"கிணத்துக் கப்பி. ஐப்பசி வந்தால் கிறீச்சிடத் தொடங்கும். எண்ணெய் விடு, எண்ணெய் விடு எண்டு வருசா வருசம் அவளுக்குச் சொல்லுறனான். அவளும் விடுறவள். நாலு நாளில நிண்டிடும்."

ஓட்டோக்காரர் வாயைப் பொத்திக்கொண்டார். என்னால் முடியவில்லை, சத்தமாகவே சிரித்தேன். குருவி நிறுத்திவிட்டது. மாமிக்கு முதலில் கோபம் வந்தது. பிறகு, எத்தனை ஐப்பசிகளாகப் பக்கத்து வீட்டுக்காரி நல்ல எண்ணெயை நல்ல கப்பிக்கு விட்டிருக்கிறாள் என்று கணக்குப் போட்டிருக்க வேண்டும். சேலைத் தலைப்பால் கண்ணைத் துடைத்துக்கொண்டு சிரித்தார்.

அதற்குப் பிறகு பேரம் சுருக்கமாக முடிந்தது. மாமி ஈர்க்குமாற்றின் பின்பக்கத்தால் மணலில் ஒரு கோடு இழுத்தார், குளியலறை மூலையிலிருந்து கிணற்றடி வரை.

"இந்தப் பக்கம் என்ர. நான் கூட்டுவன். அந்தப் பக்கம் உங்கட குருவிக்கு. சனிக்கிழமை ஏழு மணிக்கு அதுவும் என்ர."

"சரிங்க. இல்லை, ஓம் அம்மா," என்றார் ஓட்டோக்காரர். ஒரு வேண்டுகோள் மட்டும் வைத்தார்: இதை யாருக்கும் சொல்ல வேண்டாம். ஒரு வீட்டுக்குச் சொன்னால் தேவாலயத்துக் காலைப் பூசைக்கு முன்னால் பேசாலை முழுக்கத் தெரியும்; தெரிந்தால் ஆட்கள் பார்க்க வருவார்கள்; ஆட்கள் வந்தால் குருவி வராது. மாமி, தான் வாய் திறந்து சொல்லிப் பரவிய செய்தி இந்த ஊரில் ஒன்றுகூட இல்லை என்றார். அது முழு உண்மை இல்லை. ஆனால் இந்த முறை வாக்கைக் காப்பாற்றினார். பிழை அங்கேதான் தொடங்கியது.

வியாழன் ஐந்து நாற்பத்தொன்பதுக்கு இலை புரண்டது. நான் வாசற்படியில் இருந்தேன். மாமி கோட்டுக்கு இந்தப் பக்கத்தை ஐந்து மணிக்கே கூட்டி முடித்துவிட்டு, குருவியில் தனக்கு அக்கறையில்லை என்று காட்டுவதற்காகக் குசினிக்குள் தேங்காய் துருவிக்கொண்டிருந்தார். ஐந்து நிமிடத்தில் துருவும் சத்தம் நின்றது. திரும்பிப் பார்த்தால் மாமி யன்னல் கம்பிக்கிடையில் முகத்தை வைத்துக்கொண்டு நின்றார்.

"காற்சட்டை போட்டமாதிரி எல்லோ இருக்கு," என்றார் மெதுவாக. "சிவப்புக் காற்சட்டை."

ஏழு மணிக்கு வேலிக்கு அந்தப் பக்கத்திலிருந்து அன்ரியின் தலை தெரிந்தது. அன்ரி என்பது பக்கத்து வீட்டுக்காரி, கப்பிக்காரி. ஐம்பது வயது இருக்கும். கணவர் கடலுக்குப் போகிறவர். அன்ரி வளவில் கருவாடு காயப்போடுவார். மாமிக்குச் சொந்தம் இல்லை, ஆனால் மாமியை அக்கா என்றுதான் கூப்பிடுவார். அன்ரி பாதி கூட்டிய வளவைப் பார்த்தார். கோட்டுக்கு அந்தப் பக்கம் சருகு. இந்தப் பக்கம் சுத்தம்.

"அக்கா, சுகமில்லையோ?"

மாமி தேங்காய்ச் சிரட்டையோடு நின்றார். உண்மையைச் சொல்ல முடியாது. அவர் யோசித்தது இரண்டு விநாடி இருக்கும். பிறகு மற்றக் கையால் இடுப்பின் பின்பக்கத்தைப் பிடித்தார்.

"நாரி நோகுது தங்கச்சி. பாதி கூட்டினன், அதோட பிடிச்சிட்டுது."

"யேசுவே! மருமகள் நிக்கிறா, கூட்டக் கூடாதோ?"

அன்ரி என்னைப் பார்த்தார். நான் தேத்தண்ணிக் கோப்பையைப் பார்த்தேன். அந்தப் பார்வை மதியத்துக்குள் ஒழுங்கையில் உள்ள மற்ற வீடுகளுக்கும் போய்விடும் என்பது எனக்குத் தெரியும். அதையும் குருவிக்காகப் பொறுத்துக்கொண்டேன்.

மத்தியானம் அன்ரி ஒரு சட்டியில் பால்சுறாச் சரக்குக்கறி கொண்டு வந்தார். பிள்ளை பெற்ற பெண்களுக்கும் நோயாளிகளுக்கும் வைக்கிற கறி. மிளகும் உள்ளியும் சீரகமும் மூக்கில் ஏறும். மாமி இடுப்பைப் பிடித்துக்கொண்டு, குனிந்தபடி வந்து வாங்கினார். அன்ரி போனதும் நிமிர்ந்து, இரண்டு கோப்பைச் சோற்றை அந்தக் கறியோடு சாப்பிட்டார்.

"நல்ல கைப்பக்குவம் அவளுக்கு," என்றார். "பாவம்."

வெள்ளி விடியவும் குருவி வந்தது. அன்றைக்கு மாமி துருவுபலகையை எடுக்கவே இல்லை. ஒரு கதிரையை யன்னலடியில் போட்டுக்கொண்டு இருந்தார். எட்டு மணிக்கு அன்ரி மறுபடியும் சட்டியோடு வந்தார், இன்னொரு கையில் ஒரு போத்தல் எண்ணெய். தானே தேய்த்துவிடுவதாகச் சொன்னார். மாமி மறுக்கப் பார்த்தார். முடியவில்லை. பதினைந்து நிமிடம் மாமி பாயில் குப்புறப் படுத்துக்கொண்டு, நோகாத நாரியை அன்ரியின் பலமான கைகளுக்குக் கொடுத்தார். இடையிடையே, கேட்டால், "அதிலதான், அதிலதான்" என்றார்.

புறப்படும்போது அன்ரி, "நேற்று ஜெபமாலைக்கு வந்த எல்லாருக்கும் சொன்னனான் அக்கா. உங்கட நாரிக்கு எண்டு இன்னும் ஒரு பத்து மணி உருட்டிச் செபம் சொன்னனாங்கள்," என்றார்.

அவர் போனதும் மாமி எழும்பி உட்கார்ந்தார். முகம் உண்மையாகவே நோயாளி முகமாக இருந்தது.

"பிள்ளை, இது பாவம். இல்லாத நாரிக்கு எல்லாரும் முழங்காலில நிண்டு செபிச்சிருக்கினம்."

"நாளைக்கு ஏழு மணிக்குச் சொல்லிப்போடுவம் மாமி."

"ஏழு மணிக்கு. ஒரு நிமிசம் பிந்தக் கூடாது."

பின்னேரம் ஓட்டோக்காரரிடமிருந்து செய்தி வந்தது. கொழும்புக்காரர் வந்துவிட்டார்கள், நல்ல மனிதர்கள், நாளைக்கு ஐந்தே முக்காலுக்கு வருகிறோம், அம்மாவை மறுபடியும் கெஞ்சிக் கேட்டதாகச் சொல்லுங்கள். கடைசியில் மூன்று கும்பிடு.

சனிக்கிழமை ஐந்து பதினைந்துக்கு நான் எழும்பியபோது பின்வளவில் கூட்டும் சத்தம் கேட்டது. நீளமான, சீரான இழுப்பு. மாமி தன் பங்கைக் கூட்டுகிறார் என்று நினைத்தேன். முகம் கழுவிக்கொண்டு குசினிக்குப் போனேன். மாமி அடுப்படியில் கேத்தலோடு நின்றார்.

"இண்டைக்கு என்ர பக்கத்தை வடிவாக் கூட்டுறாய் போல," என்றார் மாமி, நான் பின்னால் நிற்பது தெரியாமல், பின்கதவைப் பார்த்து.

"நானோ? நான் இஞ்ச நிக்கிறன்."

மாமி திரும்பினார். நாங்கள் ஒருவரை ஒருவர் பார்த்தபடி அந்தச் சத்தத்தை இன்னும் இரண்டு இழுப்புக் கேட்டோம்.

பின்கதவைத் திறந்தோம். குளியலறை பல்ப் எரிந்துகொண்டிருந்தது. அந்த வெளிச்சத்தில் வளவு முழுவதும் வெறும் மணல், வேலியிலிருந்து வேலிவரை. ஈர்க்குக் கோடுகள் மாமியுடையதைவிட நெருக்கமாக இருந்தன. மாமரத்தின் கீழே ஒரு சருகு இல்லை. வாழையடிக்குக் கொஞ்சம் முன்னால் ஐந்து நாள் இலையெல்லாம் இடுப்பளவு குவியலாக நின்றது. அதற்குப் பக்கத்தில் அன்ரி, தன் வீட்டு ஈர்க்குமாறைக் கக்கத்தில் வைத்துக்கொண்டு, நெருப்புப்பெட்டியைத் திறந்துகொண்டிருந்தார்.

மாமி ஓடினார். அறுபத்தொரு வயது, நான் அவர் ஓடி அதற்குமுன் கண்டதில்லை.

"கொளுத்தாத! கொளுத்தாத!"

அன்ரி குச்சியைக் கையில் பிடித்தபடி நின்றார். "அக்கா! நாரி!"

"நாரிக்கு ஒண்டுமில்லை. நெருப்புப்பெட்டியைத் தா."

"என்னண்டு ஓடினனீங்கள்? நேற்றுக் குனிய ஏலாமக் கிடந்தனீங்கள்." அன்ரியின் முகம் மலர்ந்தது. "செபம் கேட்டிட்டுது!"

அந்த நேரத்தில் ஒழுங்கை முனையில் ஓட்டோ சத்தம் வந்து நின்றது. ஐந்து நாற்பத்திரண்டு.

ஓட்டோக்காரர் முன்னால் வந்தார், உடம்பில் புதுச் சேட்டு, கழுத்தில் தூரக்கண்ணாடி. அவருக்குப் பின்னால் அறுபத்தைந்து, எழுபது வயதில் ஒரு கணவனும் மனைவியும், சத்தம் போடாத சப்பாத்துகளோடு. வீட்டு மூலையைத் திரும்பியதும் அவர் நின்றுவிட்டார். வளவைப் பார்த்தார். கோடுகளைப் பார்த்தார். என்னைப் பார்த்தார்.

"என்னங்க இது," என்றார்.

மாமி முதலில் விழித்துக்கொண்டார். "பரப்பிவிடுவம். வாங்கோ, எல்லாரும் அள்ளுங்கோ." இரண்டு கையால் குவியலில் இலையை அள்ளவும் செய்தார்.

"வேண்டாம் அம்மா," என்றார் ஓட்டோக்காரர். குரல் தாழ்ந்திருந்தது. "அது வாற நேரம். நாங்க அங்க நடமாடினால் இன்னும் மோசம். உள்ளுக்கு இருப்பம். வந்தால் வரட்டும்."

ஆறு பேரும் குசினிக்குள் போனோம். விளக்கை அணைத்தோம். கொழும்புக்காரருக்கு இரண்டு கதிரை. மற்றவர்கள் கதவடியிலும் படியிலும். மாமி ஒரு கையில் அன்ரியின் நெருப்புப்பெட்டியை இன்னும் பிடித்துக்கொண்டிருந்தார். இருட்டில் அன்ரிக்கு உண்மையைச் சொன்னார். கிசுகிசுவென்று, புதன்கிழமையிலிருந்து, எதையும் விடாமல். கப்பிக் கதையைத் தவிர.

அன்ரி ஈர்க்குமாறைக் கதவோரம் சாய்த்து வைத்தார்.

"ஒரு குருவிக்கோ?"

"ஓம்."

"ஒரு குருவிக்கு ரெண்டு சட்டி சரக்குக்கறி?"

"கறி நல்லாத்தான் இருந்தது தங்கச்சி."

"நான் உங்கட மருமகளைப் பற்றி எல்லாரிட்டயும் சொல்லிப்போட்டன்."

"தெரியும் அன்ரி," என்றேன் நான்.

"ஷ்ஷ்," என்றார் கொழும்பு அம்மா. அவருக்குத் தமிழ் கொஞ்சம் வரும் என்று பிறகுதான் தெரிந்தது.

ஐந்து ஐம்பத்தாறுக்கு வேப்பமரத்தடியில் கூப்பிட்டது. ஓட்டோக்காரர் கதவு நிலையைப் பிடித்திருந்தார். அன்ரி தலையைத் தூக்கி, "கப்பி," என்று தொடங்கினார். மாமி அவருடைய வாயைப் பொத்தினார்.

ஆறு மணி. மாமரத்தடி வெறும் மணல். ஆறு இரண்டு. கொழும்பு ஐயா மணிக்கூட்டைப் பார்த்தார். ஓட்டோக்காரர் தூரக்கண்ணாடியை மாமரத்தடிக்கும் வேலிக்கும் மாறி மாறித் திருப்பினார். அவர் உதடு ஏதோ சொல்லிக்கொண்டிருந்தது. மன்னிப்புக் கேட்பதற்கான வசனத்தைத் தயார் செய்கிறார் என்று நினைத்தேன்.

ஆறு ஐந்துக்குக் குவியலின் உச்சியிலிருந்து ஓர் இலை பறந்து மணலில் விழுந்தது.

பிறகு இன்னொன்று. பிறகு நாலைந்து ஒன்றாக. வாழைப் பக்கத்தால் ஏறியிருக்க வேண்டும். தலை முதலில் வந்தது: நடுவில் கறுப்புக் கோடு ஓடிய மண்ணிற உச்சி, கறுப்புப் பட்டை, வெள்ளைத் தொண்டை. அடுத்த தத்தலில் முழு ஆளும் குவியலின் மேலே நின்றது. மூன்று நாளும் மாமர நிழலில் நாங்கள் அதைத் துண்டு துண்டாகத்தான் கண்டிருந்தோம். இப்போது சுற்றிவர எட்டு யார் தூரம் வெறும் மணல், நடுவே மேடை போல ஒரு குவியல், வேலிக்கு மேலால் வந்த முதல் வெயில் நேரே அதன்மேல். பச்சை, நீலம், வெள்ளை, கறுப்பு, வயிற்றில் வெளிறிய மஞ்சள், அடியில் சிவப்பு. ஒவ்வொன்றும் மற்றதில் கலக்காமல் எல்லையோடு இருந்தது.

கொழும்பு ஐயா படம் எடுக்கும் பெட்டியை மடியில் வைத்தபடியே மறந்துவிட்டார். கொழும்பு அம்மா பக்கத்தில் கிடைத்த கையைப் பிடித்துக்கொண்டார். அது அன்ரியின் கை.

குருவி பதினேழு நிமிடம் நின்றது. மண்புழு ஒன்றை இழுத்தபோது அது பின்னுக்கு விழப் பார்த்து, இறக்கையை விரித்துச் சமாளித்தது; விரித்தபோது உள்ளே இன்னொரு வெள்ளைத் துண்டு இருந்தது, யாருக்கும் அதுவரை தெரியாதது. மாமி, "ஐயோ, பாத்து," என்று அதற்குச் சொன்னார். வழக்கமாகப் பத்துப் பன்னிரண்டு நிமிடத்தில் போவது ஏன் இவ்வளவு நேரம் நின்றது என்று ஓட்டோக்காரர்தான் காதுக்குள் சொன்னார்: "அன்ரி இந்த வளவில இருந்த புழு பூச்சி எல்லாத்தையும் இலையோட கூட்டி ஒரே இடத்தில குவிச்சிட்டா அக்கா. அதுக்கு இப்ப தேடுற வேலை இல்லை." அவர் கண் நனைந்திருந்தது, சிரிப்பும் இருந்தது.

ஆறு இருபத்திரண்டுக்கு வாழைகளுக்குள் இறங்கியது. அதன்பிறகுதான் எல்லோரும் ஒரே நேரத்தில் பேசினார்கள். கொழும்பு ஐயா ஓட்டோக்காரரின் கையைப் பிடித்துக் குலுக்கினார், விட்டார், மறுபடியும் பிடித்தார். கொழும்பு அம்மா சிங்களத்தில் தொடங்கி, தமிழில் முடித்தார்: "ரெண்டு வருசம். மூண்டாவது வருசம்."

"கூட்டினபடியாத்தான் இப்பிடி வடிவாத் தெரிஞ்சது," என்றார் மாமி.

"கூட்டினது நானெல்லோ," என்றார் அன்ரி.

"ஆர் இல்லையெண்டது? நான் நாரி நோகுது எண்டு சொல்லாட்டி நீ கூட்டியிருப்பியோ?"

ஓட்டோக்காரர் இரண்டு பேருக்கும் தனித்தனியாகத் தலை குனிந்து நன்றி சொன்னார். அன்ரி வேலி இடைவெளியால் போய், முந்தின நாள் கறியின் மிச்சத்தைச் சூடாக்கிக்கொண்டு வந்தார். கொழும்புக்காரர் விடுதிச் சாப்பாட்டை விட்டுவிட்டு எங்கள் குசினியில் பாணும் பால்சுறாவும் சாப்பிட்டார்கள். ஐயாவுக்கு மிளகு ஏறி மூக்கு ஒழுகியது. இரண்டாம் தடவையும் வாங்கினார். ஏழு மணியானதை மாமி கவனிக்கவில்லை. நான் கவனித்தேன், சொல்லவில்லை.

எட்டரைக்கு விடுதி முகாமையாளர் ஓட்டோக்காரருக்கு அழைப்பு எடுத்தார். கொழும்பு அம்மா அதற்குமுன்னமே அவரோடு பேசியிருந்தார். ஓட்டோக்காரர் கிணற்றடிக்குப் போய், முதுகைக் காட்டிக்கொண்டு நின்று, ஓம் ஐயா, ஓம் ஐயா என்று ஆறு தடவை சொன்னார். திரும்பி வந்து, இந்தப் பருவம் முழுவதும் விடுதியின் ஆட்களைத் தான்தான் கூட்டிக்கொண்டு போக வேண்டும் என்றார். அன்ரி, "உங்களுக்கும் ஜெபமாலையில ஒரு பத்து மணி சொல்லுறன் தம்பி," என்றார்.

குருவி திங்கட்கிழமை பின்னேரம் வரை கூப்பிட்டது. செவ்வாய் விடிய இல்லை.

புதன்கிழமை விடுதியிலிருந்து ஓட்டோக்காரருக்கு முதலாவது சவாரி வந்தது. நான்கு பேர், கண்டியிலிருந்து வந்தவர்கள். அவர்கள் பார்க்க வேண்டும் என்று கேட்டது குருவியை அல்ல, மன்னார்த் தெருக்களில் எங்கும் திரியும் கழுதைகளை.